‘கெட் லக்கி’: நாலு கார்டு, பழைய கைகள்

பாட்டு ஆரம்பித்து 17 நொடிக்கு ஒருவரும் வாய் திறப்பதில்லை. கிட்டார், பேஸ் (அடிச்சுரம் வாசிக்கும் கிட்டார்), டிரம்ஸ், பின்னால் பட்டும் படாமலும் ஒரு கீபோர்டு. நாலு கார்டு (பல சுரங்கள் சேர்ந்தொலிக்கும் அடுக்கு) ஒரு சுற்று சுற்றி முடிகிறது, அப்புறம் இன்னொரு சுற்று. இரண்டாவது சுற்று முடிவதற்குள் கால் தானாகத் தட்ட ஆரம்பித்திருக்கும். ‘கெட் லக்கி’யின் ஆல்பம் வடிவம் 6 நிமிடம் 9 நொடி. அதில் மிச்சமுள்ள நேரமெல்லாம் அந்த முதல் 17 நொடியை விரித்துக் காட்டுவதிலேயே போகிறது. அதற்குமேல் பாட்டில் புதிதாக எதுவும் பெரிதாக நடப்பதில்லை. நடக்காமலேயே ஆறு நிமிடத்துக்கு ஆளை உட்காரவிடாமல் வைத்திருக்கிறதே, அதுதான் இதன் சாமர்த்தியம்.

2013 ஏப்ரல் 19இல் வந்த பாட்டு. தலைப்பில் மூன்று பெயர்கள்: டாஃப்ட் பங்க், ஃபாரெல் வில்லியம்ஸ், நைல் ராஜர்ஸ். ஆனால் கேட்டுப் பார்த்தால் இது இரண்டு முகாம்களின் கூட்டு என்று புரியும். ஒரு பக்கம் டாஃப்ட் பங்க், அதாவது பாரிஸைச் சேர்ந்த தோமா பங்கால்தெர், கி-மனுவேல் என்ற இயந்திரத் தலைக்கவசக்காரர்கள். மறுபக்கம் 1976இல் நியூயார்க்கில் ‘சிக்’ குழுவைத் தொடங்கிய கிட்டார் கலைஞர் ராஜர்ஸ். ஃபாரெல் இரண்டு பேருக்கும் நடுவில் நின்று பாடிக் கொடுத்தவர். நல்ல குரல்தான், ஆனால் பாட்டைத் தூக்கி நிறுத்துவது அவர் இல்லை.

பழைய காலத்து வாசனை வீசுகிற பாட்டு செய்வது எப்படி என்பதற்கு டாஃப்ட் பங்கிடமே முன்பு வேறொரு வழி இருந்தது. 2001இல் வந்த அவர்களுடைய ‘டிஸ்கவரி’ ஆல்பத்தில் புகழ்பெற்ற பாட்டுகள் பலவும் பழைய டிஸ்கோ, ஃபங்க் இசைத்தட்டுகளிலிருந்து வெட்டியெடுத்த துணுக்குகளின் மேல் கட்டியவை. இரண்டு நொடித் துண்டு ஒன்றை எடுப்பது, சுற்றவிடுவது, ஃபில்டரைத் (ஒலியின் ஒரு பகுதியை மட்டும் வெளியே விடும் கருவி) திருகி மூடித் திறப்பது, கீழே கனமான கிக் டிரம் (பெரிய அடி டிரம்) போடுவது. வேலை சுருக்கம், பலன் பெரிது. ஆனால் அந்த வழியில் ஒரு சிக்கல் உண்டு. வெட்டியெடுத்த துண்டில் டிரம்ஸ், பேஸ், கிட்டார், அறையின் எதிரொலி எல்லாம் ஒன்றோடொன்று ஒட்டிப் போயிருக்கும். பேஸை மட்டும் கொஞ்சம் தூக்க நினைத்தால் கிக்கும் சேர்ந்து ஏறும். கிட்டாரை இரண்டு சுரம் மாற்றி வாசிக்கச் சொல்ல முடியாது, வாசித்தவர் எப்போதோ வீட்டுக்குப் போய்விட்டார். வேகத்தைக் கூட்டினால் சுருதி ஏறும், சுருதியை இழுத்துப் பிடித்தால் ஒலி கரகரக்கும்.

2013இன் ‘ரேண்டம் ஆக்ஸஸ் மெமரீஸ்’ ஆல்பத்தில் அந்த வழியை ஏறக்குறைய முழுவதுமாக விட்டுவிட்டார்கள். வெளியிலிருந்து எடுத்த துணுக்கு ஆல்பத்தின் கடைசிப் பாட்டான ‘கான்டாக்ட்’டில் மட்டும்தான். மற்றதெல்லாம் ஆளை வரவழைத்து வாசிக்க வைத்தது. ஒலியை நகலெடுப்பதற்குப் பதிலாக அந்த ஒலியை உண்டாக்கிய கைகளையே கூப்பிட்டுவிட்டார்கள். செலவு பத்து லட்சம் டாலரைத் தாண்டியது. ‘கெட் லக்கி’யில் வாசித்தவர்களின் பட்டியலைப் பார்த்தாலே பணம் எங்கே போனது என்று தெரிந்துவிடும். டிரம்ஸ் ஓமர் ஹக்கீம். 1983இல் பிரிட்டிஷ் பாடகர் டேவிட் போவிக்காக ராஜர்ஸ் தயாரித்த ‘லெட்ஸ் டான்ஸ்’ ஆல்பத்திலும் இதே ஹக்கீம் வாசித்திருக்கிறார். பேஸ் நேதன் ஈஸ்ட், கிட்டார் கலைஞர் எரிக் கிளாப்டனோடு ஆண்டுக்கணக்கில் மேடையேறியவர். இரண்டாவது கிட்டார் பால் ஜாக்சன் ஜூனியர், கீபோர்டு கிறிஸ் காஸ்வெல். எல்லாருமே ஸ்டூடியோவில் ஊறியவர்கள்.

இடையில் ஒரு விஷயம். தோமாவின் அப்பா டேனியல் வாங்கார்டும் டிஸ்கோக்காரர்தான். ‘ஓட்டவான்’ குழுவின் ‘டி.ஐ.எஸ்.சி.ஓ.’ பாட்டு அவர் கைவண்ணம். ‘டிஸ்கோ டான்சர்’ படத்தின் ‘ஜிம்மி ஜிம்மி’யை முணுமுணுத்துத் திரிந்த நம்மூர்க்காரர்கள் கொஞ்சம் பின்னால் தேடிப் போனால், அந்த மெட்டின் வேர் இதே ஓட்டவானின் இன்னொரு பாட்டில் இருப்பதைக் காணலாம். ஆக, மகனுக்கு டிஸ்கோ வீட்டுச் சரக்கு.

ராஜர்ஸ் பக்கம் வந்தால் கதை வேறு. 1979 ஜூலை 12 அன்று சிகாகோவின் கொமிஸ்கி பார்க் மைதானத்தில் டிஸ்கோ எதிர்ப்பாளர்கள் டிஸ்கோ இசைத்தட்டுகளைக் குவித்து வெடி வைத்துத் தகர்த்தார்கள். அந்தக் கோடையில் சிக்கின் ‘குட் டைம்ஸ்’ அமெரிக்கப் பட்டியலில் முதலிடத்துக்கு ஏறியது, ஆனாலும் குழுவின் சொந்தப் பாட்டுகளுக்கு அதன்பின் அந்த உயரம் வாய்க்கவில்லை. குழுவின் இன்னொரு தூணான பேஸ் கலைஞர் பெர்னார்ட் எட்வர்ட்ஸ் 1996இல் டோக்கியோவில் கச்சேரி முடித்த கையோடு இறந்துபோனார். 2010இல் ராஜர்ஸுக்கே புற்றுநோய் என்று தெரிந்தது. இந்தப் பின்னணியோடு அந்தக் கிட்டாரைக் கேட்டால் அதில் துக்கத்தின் சாயலே இல்லாதது வியப்பாக இருக்கும்.

இனி அந்தக் கிட்டாருக்குள் போவோம். ராஜர்ஸ் வாசிப்பது 1960ஆம் ஆண்டு ஃபெண்டர் ஸ்ட்ராட்டோகாஸ்டர். ‘ஹிட்மேக்கர்’ என்று செல்லப்பெயர். வாசிக்கும் முறைக்கு ‘சக்கிங்’ என்று பெயர். வலது கை ஒரு தாளத்துக்கு நாலு தட்டு, கீழ்-மேல்-கீழ்-மேல் என்று நிற்காமல் ஓடுகிறது. நம் கணக்கில் ‘தகதிமி’. ஒரு பாருக்கு (நாலு தாளம் கொண்ட ஓர் அளவு) நாலு தகதிமி, மொத்தம் 16 தட்டு. ஆனால் பதினாறும் சுரமாகக் கேட்பதில்லை. இடது கை அழுத்துகிற இடத்தில் மட்டும் கார்டு ஒலிக்கும். விரலைத் தளர்த்திக் கம்பிமேல் சும்மா வைத்திருக்கும் இடங்களில் ‘சிக்’, ‘சிக்’ என்று கட்டைச் சத்தம் மட்டும் வரும். கேட்பவர் காதுக்கு அது கிட்டாரும் ஷேக்கரும் சேர்ந்த மாதிரி. கார்டின் ஆறு கம்பியையும் அவர் தொடுவதில்லை. சில சமயம் இரண்டு, மூன்று மேல்கம்பிகள், சில சமயம் அடியில் ஒற்றைச் சுரம். இப்படி மேலும் கீழும் தாவுவதால் ஒரே ஆள் வாசிப்பது இரண்டு பேர் பேசிக்கொள்வதுபோல் கேட்கிறது.

வேகம் நிமிடத்துக்கு 116 தாளம். அதாவது ஒரு தாளம் 0.52 நொடி, ஒரு பார் 2.07 நொடி, வலது கை நொடிக்கு ஏழெட்டு தட்டு. இதை முழங்கையிலிருந்து வாசிக்கிறவர்கள் இரண்டாவது நிமிடத்திலேயே தோள் இறுகித் தவிப்பார்கள். மணிக்கட்டிலிருந்துதான் வரவேண்டும், சாவியைப் பூட்டில் திருப்புகிற மாதிரி.

கற்றுக்கொள்ள விரும்புகிறவர்களுக்குச் சுருக்கு வழி ஏதும் இல்லை, ஆனால் வரிசை உண்டு. முதலில் கார்டையே மறந்துவிட்டு, இடது கையால் எல்லாக் கம்பியையும் மூடிக்கொண்டு மெட்ரோனோமை (தாளம் காட்டும் கருவி) 80இல் வைத்து, பதினாறு தட்டும் ஒரே கனத்தில் வரும்வரை தட்டுங்கள். பிறகு ஒவ்வொரு தகதிமியின் முதல் ‘த’வை மட்டும் அழுத்தி ஒலிக்கவிடுங்கள். அது நிலைத்ததும் இரண்டாவது தட்டு, நான்காவது தட்டு என்று இடம் மாற்றுங்கள். நாலு நாலாக வேகத்தைக் கூட்டினால் ஒன்பதாவது படியில் 116 வந்துவிடும். கார்டுகள் அதற்கப்புறம். பி மைனர் ஏழு, ஏழாவது ஃப்ரெட்டில் (கிட்டார் கழுத்திலுள்ள உலோகக் கட்டை) ஆறாவது கம்பியை வேராக (கார்டின் அடிச்சுரமாக) வைத்து. டி, அதே வடிவக் குடும்பத்தில் பத்தாவது ஃப்ரெட். எஃப் ஷார்ப் மைனர் ஏழு, ஐந்தாவது கம்பி ஒன்பதாவது ஃப்ரெட். ஈ, அதே கம்பியில் ஏழாவது ஃப்ரெட். கை மூன்று ஃப்ரெட்டுக்குள்ளேயே புழங்குவதால் இந்த ஏற்பாடு வசதி. தட்டும்போது மேலே உள்ள மூன்று, நாலு கம்பிகளைத் தாண்டிப் போகாதீர்கள்.

பெரும்பாலோர் சறுக்குவது ஒரே இடத்தில்தான். சத்தம் வேண்டாத தட்டுகளில் வலது கையை நிறுத்திவிடுவார்கள். நிறுத்திய கை மறுபடி கிளம்பும்போது ஒரு மயிரிழை முந்தும் அல்லது பிந்தும். அது நாலு பாருக்குள் டிரம்ஸோடு மோதலாகிவிடும். ஊமைத் தட்டும் தட்டுதான், அதையும் தட்டியே ஆகவேண்டும். இன்னொன்று ஒலி அமைப்பு. கெயினை (ஆம்ப்ளிஃபையரில் ஒலியை ஏற்றும் அளவு) கொஞ்சம் ஏற்றினாலும் அந்த ‘சிக்’ சத்தம் கார்டின் அளவுக்கு உயர்ந்து, வாசிப்பு முழுக்க ஒரே இரைச்சலாகிவிடும். சுத்தமான டோன், கழுத்துப் பக்கத்துப் பிக்கப் (கம்பியின் அதிர்வைப் பிடிக்கும் பகுதி), மெல்லிய பிக் (மீட்டும் வில்லை), லேசான கம்ப்ரஸர் (ஒலியின் ஏற்ற இறக்கத்தைக் குறைக்கும் கருவி). தடித்த பிக் கம்பியில் மாட்டிக்கொண்டு இழுக்கும்.

கார்டுகளின் வரிசைக்குள் இருக்கும் குசும்பைத் தனியாகச் சொல்லவேண்டும். பி மைனர், டி, எஃப் ஷார்ப் மைனர், ஈ. நாலும் ஏ மேஜர் என்ற சுர வரிசையின் பிள்ளைகள். அந்த ஏ கார்டு மட்டும் பாட்டில் எங்கேயும் வருவதில்லை. ஏ என்ற சுரம் முதல் மூன்று கார்டிலும் உறுப்பாக ஒளிந்திருக்கிறது, வேராக ஒருமுறைகூட வெளிப்படுவதில்லை. நாலாவதான ஈ கார்டு வழக்கமாக ஏவில் போய் விழுந்து ஓய்வெடுக்கும். இங்கே அது வாசல்வரை வந்துவிட்டு மறுபடி பி மைனருக்கே திரும்பி ஓடிவிடுகிறது. கர்நாடக சங்கீதம் தெரிந்தவர்களுக்கு இதை ஒரே வரியில் சொல்லிவிடலாம்: கிரக பேதம், அதாவது ஸட்ஜத்தை இடம் மாற்றிக் கேட்பது. பி-யை ஸட்ஜமாகப் பிடித்துக் கேட்டால் கரகரப்பிரியா. டி-யைப் பிடித்தால் கல்யாணி. எஃப் ஷார்ப்பைப் பிடித்தால் நடபைரவி. ஈ-யைப் பிடித்தால் ஹரிகாம்போஜி. ஏ-யைப் பிடித்தால் கிடைக்கவேண்டிய சங்கராபரணத்துக்கு மட்டும் உட்கார நாற்காலி போடவில்லை. இந்தப் பாட்டின் சுருதி எது என்று மேற்கத்திய இசை மாணவர்கள் இன்றும் கட்சி கட்டி வாதாடுவதற்குக் காரணம் இதுதான்.

சுற்று ஒன்றுக்கு எட்டேகால் நொடி. ஆறு நிமிடம் ஒன்பது நொடியில் கணக்குப் போட்டால் ஏறத்தாழ 44 சுற்று. சரணம், பல்லவி, இயந்திரக் குரல் எல்லாவற்றுக்கும் இதே நாலு கார்டு. இப்படி ஒன்றையே 44 தடவை வாசித்தால் எட்டாவது தடவையிலேயே அலுத்திருக்கவேண்டும். அலுக்காததற்குப் பாதிக் காரணம் போய்ச் சேராத அந்த ஏ கார்டு. வெளியீட்டுக்கு முன்பு ‘சாட்டர்டே நைட் லைவ்’ என்ற அமெரிக்கத் தொலைக்காட்சி நிகழ்ச்சியின் விளம்பர இடைவேளையில் சில நொடித் துணுக்குகளாகப் போட்டபோதே ரசிகர்கள் அதை வெட்டி ஒட்டிச் சுற்றவிட்டுக் கேட்டார்கள். முதலும் முடிவும் இல்லாத சுற்று என்பதால் எங்கே வெட்டினாலும் ஒட்டிக்கொள்கிறது.

மீதிப் பாதிக் காரணம் நேதன் ஈஸ்ட். கிட்டார் ஒரே வடிவத்தைச் சுற்றிக்கொண்டிருக்க, பேஸ் ஒவ்வொரு சுற்றிலும் கொஞ்சம் கொஞ்சம் மாறுகிறது. ஒரு கார்டிலிருந்து அடுத்ததற்குப் போகும் வழியில் ஒரு சின்ன ஏற்றம், ஒரு வழுக்கல், இரண்டு சுரம் கூடுதல். கிட்டாரை மனதிலிருந்து ஒதுக்கிவிட்டு பேஸை மட்டும் ஒருமுறை முழுதாகப் பின்தொடர்ந்து பாருங்கள், வேறு பாட்டு கேட்டமாதிரி இருக்கும். ஆனால் அதற்குக் கருவி ஒத்துழைக்கவேண்டும். பேஸில் தாழ்ந்த பி சுரத்தின் அதிர்வெண் சுமார் 62 ஹெர்ட்ஸ், அடி ஈ 41 ஹெர்ட்ஸ். கைபேசியின் ஸ்பீக்கரால் இவற்றைத் தொடவே முடியாது. மேலே எழும் கிளைச் சுரங்களை வைத்து நம் மூளைதான் பேஸ் இருப்பதாக ஊகித்துக்கொள்கிறது. ஐந்நூறு, ஆயிரம் ரூபாய் வயர் இயர்போன்கூடக் கைபேசி ஸ்பீக்கரைவிட ஆயிரம் மடங்கு தேவலை. ஒரு எச்சரிக்கை: ‘பேஸ் பூஸ்ட்’ பொத்தானைத் தொடவேண்டாம். கிக்கும் பேஸ் கிட்டாரும் இந்தப் பதிவில் அளந்து பிரித்து வைக்கப்பட்டிருக்கின்றன. பூஸ்ட் இரண்டையும் ஒரே குழம்பாக்கிவிடும்.

டிரம்ஸைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை, அது ஹக்கீமுக்குப் பெருமை. நாலு தாளத்துக்கும் கிக், இரண்டிலும் நாலிலும் ஸ்னேர் (கூர்மையாக வெடிக்கும் சிறு டிரம்). ஃபில் (இடையில் போடும் அலங்கார வாசிப்பு) என்று துள்ளிக் குதிக்க வாய்ப்பிருந்தும் கையைக் கட்டிக்கொண்டிருக்கிறார். கவனிக்கவேண்டியது ஒன்றே: கைவாசிப்பு, ஆனால் டெம்போ 116ஐ விட்டு நகர்வதில்லை. எழுபதுகளின் டிஸ்கோ இசைத்தட்டுகள் பலவற்றில் வேகம் லேசாக ஏறி இறங்கும், டிஜே அதை இன்னொரு பாட்டோடு கோக்கும்போது விரலால் தட்டைத் தள்ளிக்கொண்டே இருக்கவேண்டும். இங்கே அந்தத் தொல்லை இல்லை. பழைய கை, புதிய கடிகாரம்.

ஃபாரெல் பாடுவது பெரும்பாலும் ஃபால்செட்டோ. நம்மவர்கள் கள்ளக்குரல் என்பார்களே, அதேதான். 33ஆவது நொடியை ஒட்டிப் பல்லவிக்கு முந்தைய பகுதி, 50ஐ ஒட்டிப் பல்லவி. ஒவ்வொன்றும் எட்டு எட்டு பாராக, செங்கல் அடுக்கியதுபோல் வருகிறது. குரலில் அசைவு குறைவு. அது சரியான முடிவு என்றே சொல்லவேண்டும், கிட்டார் இவ்வளவு துடிக்கும்போது குரலும் துடித்தால் காது எதைப் பிடிப்பது? வரிகள்தான் பாட்டின் பலவீனம். ஃபீனிக்ஸ் பறவையைக் கூப்பிட்டுக் கம்பீரமாக ஆரம்பித்துவிட்டு, விடிய விடிய விழித்திருக்கிற விருந்துப் பாட்டாக இறங்கிவிடுகிறது. இரண்டுக்கும் சம்பந்தம் போதாது. பல்லவியின் ஒரே வாக்கியம் திரும்பத் திரும்ப வரும்போது சொல்லாக நிற்பதை விட்டுத் தாளமாகிவிடுவதால் தப்பித்தது. வரிக்காகப் பாட்டு கேட்கிறவர்களுக்கு இது சோறு போடாது.

இரண்டாவது பல்லவி முடிந்ததும் இயந்திரக் குரல் வருகிறது. இது ஆட்டோடியூன் என்று நினைப்பவர்கள் நிறைய. இது வோகோடர், வேலை செய்யும் விதமே வேறு. ஆட்டோடியூன் பாடியவரின் குரலையே எடுத்துச் சுருதியைத் திருத்தும். வோகோடருக்கு இரண்டு உள்ளீடு வேண்டும்: ஒருவர் மைக்கில் பேசவேண்டும், இன்னொரு கை சிந்தசைசரில் கார்டு வாசிக்கவேண்டும். பேச்சைக் கருவி கீழிருந்து மேல்வரை பல அலைவரிசைப் பட்டைகளாகப் பிரித்து, எந்தப் பட்டையில் எவ்வளவு சத்தம் என்று நொடிக்கு நொடி அளக்கும். அதே அளவுப்படி சிந்தசைசர் ஒலியின் பட்டைகளைத் திறந்து மூடும். கேட்பது சிந்தசைசர்தான், அது வாயைத் திறந்து பேசுவதுபோல் தோன்றும். இதில் ச, ஷ, ஸ போன்ற ஊதல் ஒலிகள் சிந்தசைசரில் இல்லாததால் காணாமல் போகும். அதற்காகக் கொஞ்சம் இரைச்சலைக் கலக்கவேண்டும், பேசுகிறவரும் மெய்யெழுத்துகளை மிகையாகக் கடித்து உச்சரிக்கவேண்டும். வீட்டில் மென்பொருள் வோகோடரில் முயன்று ‘ஒரு வார்த்தைகூடப் புரியவில்லை’ என்று கைவிடுகிறவர்கள் பெரும்பாலும் இந்த இரண்டில் ஒன்றைச் செய்யாதவர்கள். சிந்தசைசரில் மந்தமான, வட்டமான ஒலியை வைப்பது மூன்றாவது தவறு. ரம்பம் மாதிரி மேல்சுரங்கள் நிறைந்த ஒலி இருந்தால்தான் மேல்பட்டைகளுக்குத் தீனி கிடைக்கும்.

பாட்டின் கட்டமைப்பில் அந்த இயந்திரக் குரல் வரும் இடம்தான் கூட்டணியின் உண்மையான கைகுலுக்கல். அதுவரை ராஜர்ஸ் வீட்டில் நடந்த விருந்துக்கு, இப்போது டாஃப்ட் பங்க் ஆட்கள் வந்து உட்காருகிறார்கள். அதன்பின் மனிதக் குரலும் இயந்திரக் குரலும் ஒன்றின்மேல் ஒன்றாக ஏறி, அப்படியே மங்கி முடிகிறது. கடைசி நிமிடம் கொஞ்சம் நீளம்தான். நடன அரங்கில் தெரியாது, ஹெட்போனில் தெரியும்.

பதிவின் தரத்துக்கு வருவோம். வாத்தியங்களை அனலாக் டேப்பிலும் கணினியிலும் ஒரே நேரத்தில் பதிந்து, பிறகு ஒப்பிட்டுத் தேர்ந்தெடுத்திருக்கிறார்கள். மிக்ஸிங் (வாத்தியங்களைச் சமன்செய்து கலப்பது) மிக் குசாவ்ஸ்கி, மாஸ்டரிங்கில் (வெளியிடுமுன் ஒலியைக் கடைசியாகச் செப்பனிடுவது) பாப் லட்விக். அந்தக் காலகட்டத்துப் பாப் பாட்டுகள் மற்றவற்றைவிடச் சத்தமாக ஒலிக்கவேண்டும் என்று கம்ப்ரஸரில் போட்டுக் கசக்கப்பட்டவை. மெல்லிய ஒலிக்கும் பலத்த ஒலிக்கும் உள்ள இடைவெளி நசுங்கி, ஸ்னேர் அடி அட்டையில் அடித்ததுபோல் ஆகிவிடும். இதில் அந்தக் கசக்கல் குறைவு. பக்கத்தில் அதே ஆண்டின் வேறொரு நடனப் பாட்டைப் போட்டால் இது சற்று மெலிந்து கேட்கும். வால்யூம் குமிழை இரண்டு கோடு ஏற்றிவிட்டுக் கேளுங்கள், ஸ்னேரின் முகப்பு எவ்வளவு கூர்மையாக வருகிறது என்று தெரியும். ஸ்ட்ரீமிங் செயலிகளில் ஒலி அளவைச் சமன்செய்யும் வசதி இருக்கும். அதைப் போட்டுவைத்தால் கசக்கிய பாட்டுகள் இறங்கி இது தன் இடத்துக்கு வந்துவிடும். 2014 ஜனவரி 26 கிராமி விழாவில் ஆண்டின் சிறந்த பதிவு விருது இந்தப் பாட்டுக்கும், ஆண்டின் சிறந்த ஆல்பம், சிறந்த ஒலிப்பொறியியல் விருதுகள் ஆல்பத்துக்கும் போயின. ஒலிப்பொறியியல் விருதைப் பற்றி யாரும் முணுமுணுத்ததாக நினைவில்லை. விற்பனைப் பட்டியலில் பிரிட்டனில் முதலிடம், அமெரிக்காவில் ஐந்து வாரம் இரண்டாம் இடத்தில் முட்டிக்கொண்டு நின்றது.

எந்த வடிவத்தை வாங்குவது? 4 நிமிடம் 8 நொடி ரேடியோ வடிவத்தை விட்டுவிடலாம். சுற்றி சுற்றி மயக்குவதுதான் பாட்டின் வேலை. மூன்றில் ஒரு பங்கை வெட்டியபின் மயங்க நேரமில்லை. குறுந்தகட்டில் இது எட்டாவது பாட்டு, சாதாரண வீட்டு ஸ்டீரியோவுக்கு அதுவே போதும். 24 பிட், 88.2 கிலோஹெர்ட்ஸ் கோப்பாகவும் விற்றார்கள். நல்ல ஸ்பீக்கரும் அமைதியான அறையும் இல்லாதவர்கள் அதற்குக் கூடுதல் காசு கொடுக்கவேண்டாம். இசைத்தட்டு இரண்டு தட்டுகளாக வருகிறது. இந்தப் பாட்டு மூன்றாவது பக்கத்தின் நடுவில் இருப்பதால், தட்டின் உள்வட்டத்தில் வரும் கரகரப்பு இதைப் பாதிக்காது. பழைய தட்டு வாங்குகிறவர்கள் ‘ச’ ஒலிகள் வரும் இடங்களைப் போட்டுப் பார்த்து வாங்குங்கள். மழுங்கிய ஊசியில் ஓடிய தட்டு அங்கேதான் காட்டிக்கொடுக்கும். பத்தரை நிமிட ரீமிக்ஸோடு ஒரு 12 அங்குலத் தட்டும் உண்டு. டிஜேக்களுக்குப் பயன்படும், வீட்டில் வைத்துக் கேட்கிறவர்களுக்கு அரை மணி நேரம்போல் தெரியும்.

மேடையில் இதைப் போட நினைக்கும் குழுக்களுக்கு நாலு வார்த்தை. கூட்டம் ஆடத் தொடங்கியதும் வேகம் 122, 124 என்று ஏறிவிடும். ஏறினால் கிட்டாரின் ஊமைத் தட்டுகள் முதலில் சாகும், பிறகு பாடகர் மூச்சு வாங்குவார். டிரம்மர் காதில் கிளிக் (மெட்ரோனோம் சத்தம்) போட்டுக்கொள்வது நல்லது. கீபோர்டு வாசிப்பவர் இடது கையைப் பாக்கெட்டில் வைத்துக்கொள்ளவேண்டும். ஸ்ட்ரிங்ஸ் பேடை (நீளமாக இழுக்கும் வயலின் மாதிரி ஒலி) போட்டு இடைவெளியை நிரப்புகிற பழக்கம்தான் இந்தப் பாட்டைக் கெடுக்கும் முதல் எதிரி, இடைவெளியில்தான் கிட்டார் மூச்சுவிடுகிறது. பாடகருக்கு உயரம் எட்டவில்லை என்று சுருதியை இறக்கினால், ஒரு அரைச்சுரம் இறக்கியதுமே ஈ கார்டின் வேர் நாலு கம்பி பேஸின் அடிக்கம்பிக்கும் கீழே போய்விடும். இரண்டு இறக்கினால் அது டி ஆகிவிடும். பேஸ்காரர் அந்த ஒரு சுரத்துக்காக மேல் ஸ்தாயிக்குத் தாவுவார், சுற்றின் கடைசிப் படி கீழே இறங்குவதற்குப் பதிலாக மேலே துள்ளும். ஐந்து கம்பி பேஸ் இருந்தால் இறக்குங்கள், இல்லையென்றால் வேறு பாடகரைத் தேடுங்கள். நெஞ்சுக் குரலில் பலமாகப் பாடிச் சமாளிப்பது இன்னும் மோசம், பாட்டு உடனே வேறு யாருடையதோ ஆகிவிடும்.

பயிற்சிக்கென்றே அமைந்தமாதிரி 2023 நவம்பரில் ஆல்பத்தின் டிரம்ஸ் இல்லாத பதிப்பு வந்தது. டிரம்மர்கள் அதைப் போட்டுவைத்துத் தங்கள் கிக்கை அதன்மேல் வைத்துப் பழகலாம். மற்றவர்கள் சும்மா ஒருமுறை கேட்டால் போதும். கிக் இல்லை, ஸ்னேர் இல்லை. ராஜர்ஸின் வலது கை மட்டும் தகதிமி தகதிமி என்று ஓடிக்கொண்டிருக்கிறது. பதினேழாவது நொடியில் ஃபாரெல் பாட வரும்போது கால் ஏற்கெனவே தட்டிக்கொண்டிருக்கும்.